உடல்நிலை: அறுபத்தொரு சதவீதம்

ஓல்கீன், கியூபா
மே 6, 2023

அன்புள்ள ரிகோ அண்ணாவுக்கு,

நானும் ஐதானாவும் நலம். உன் முதுகுவலி எப்படி இருக்கிறது? ஜார்ஜ்டவுனில் மழை தொடங்கிவிட்டது என்று அங்கே போய்வந்த நெல்டா சொன்னாள். வெறுந்தரையில் படுக்காதே. எங்கள் வீட்டில் உடம்பு சரியில்லாதது கம்ப்யூட்டர் மட்டும்தான். அதன் ஹார்ட் டிஸ்க்கின் உடல்நிலை இன்று காலை அறுபத்தொரு சதவீதம்.

கேலி இல்லை. ஓஸ்மெல் போட்டுவைத்துவிட்டுப் போன ஒரு சின்ன புரோகிராம் அப்படித்தான் சொல்கிறது. டிஸ்க் நோரிமா கம்பெனியுடையது, அவர் வாங்கும்போதே யாரோ பயன்படுத்தியது. ஒரு வாரமாக உள்ளே யாரோ நகத்தால் மேசையைத் தட்டுவதுபோல ஒரு சத்தம். மூன்று தட்டு, கொஞ்சம் மௌனம், மறுபடி மூன்று தட்டு. ஐதானா தூங்கியதும் அதன்மேல் காதை வைத்துக் கேட்கிறேன். அவள் கைக்குழந்தையாக இருந்தபோது மூச்சு வருகிறதா என்று இப்படித்தான் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பேன்.

தொழிலுக்கு மட்டும் என்றால் இவ்வளவு பயம் இல்லை. திங்கட்கிழமை எவெலியோ தன் டிஸ்க்கோடு சைக்கிளில் வந்து வாரப் பொட்டலத்தை என் கம்ப்யூட்டரில் இறக்குகிறார். தொடர், படம், பாட்டு எல்லாம் அதில் இருக்கும். ராத்திரிக்குள் தெருவே பென் டிரைவோடு வந்து காசு கொடுத்துப் பிரதி எடுத்துக்கொண்டு போகிறது. நீ இருந்தபோது இருந்த மாதிரியேதான். படங்கள் அழிந்தால் அடுத்த திங்களில் வேறு படங்கள் வரும்.

ஆனால் கதைகளும் அதில்தான் இருக்கின்றன. உனக்குச் சொல்லியிருக்கிறேனா தெரியவில்லை. பிரேசிலுக்குப் போவதற்கு முன்னால், டிசம்பர் முழுக்க, ஓஸ்மெல் சமையலறை நாற்காலியில் உட்கார்ந்து தன்னையே வீடியோ எடுத்தார். தன் மகளுக்குத் தொண்ணூறு கதைகள். தொண்ணூறு ராத்திரிக்குள் எங்களை அழைத்துக்கொள்வதாகவும், அதுவரை ராத்திரிக்கு ஒன்று என்றும் ஏற்பாடு. எல்லாம் ஒரே நண்டின் கதை. ஒவ்வொரு ராத்திரியும் அது ஒரு ரோட்டைக் கடக்கும். கடைசிக் கதையில் கடலைப் பார்த்துவிடும். அப்போது அவர் கேமராவுக்குக் கிட்டே வந்து, "ஐதானா, நாளைக்கு நீயும் அம்மாவும் பிளேன் ஏறுறீங்க" என்று சொல்வார்.

தொண்ணூறாவது ராத்திரி ஏப்ரல் பத்தொன்பது. ஐதானா ஒன்றும் கேட்கவில்லை. மறுநாள் முதல் கதையிலிருந்து மறுபடி தொடங்கினாள். இன்று பதினேழாவது.

நீ டிஸ்க் விற்கிற கடையில் நிற்கிறவன். எந்தக் கம்பெனி டிஸ்க் உங்களிடம் திரும்பி வருவதில்லை? அதைச் சொல்.

ஏன் குரல் அனுப்பாமல் காகிதம் என்று கேட்பாய். நெட் கிடைக்க வேண்டுமானால் அடுத்த வீட்டு மொட்டைமாடிக்கு ஏற வேண்டும். நெல்டா சரக்கு எடுக்க உன் கடைக்கு எப்படியும் வருகிறாள், இதையும் கொண்டுவந்து தருவாள். தவிர, காகிதத்தில் குரல் கேட்காது. அதுவும் ஒரு வசதி.

ஐதானா உனக்கு ஒரு நண்டு வரைந்திருக்கிறாள். பதினொரு கால். எண்ணிவிட்டு அவளிடம் சொல்லிவிடாதே.

உன் தங்கை,
மைலேன்


ஜார்ஜ்டவுன், கயானா
மே 28

அன்புத் தங்கை மைலேனுக்கு,

முதலாளியம்மா எனக்கு ஒரு பழைய மெத்தை கொடுத்தார். அன்றிலிருந்து முதுகு வலிக்கவில்லை, கழுத்து வலிக்கிறது. மற்றபடி சுகம். ஐதானாவின் நண்டைக் கல்லாவுக்குமேல் ஒட்டியிருக்கிறேன். கால்களை எண்ணவில்லை.

உன் கேள்வியைத்தான் இங்கே வருகிற நம் ஊர்க்காரர்கள் எல்லாரும் கேட்கிறார்கள். பேஸ்பால் அணிக்குச் சண்டை போடுவதுபோலப் போடுகிறார்கள். சாந்தியாகோக்காரர் ஒருவர் தால்டோ தவிர வேறெதையும் தொடமாட்டார். அவர் மச்சானுக்குத் தால்டோ என்ற பெயரைக் கேட்டாலே ஆகாது. போன வாரம் மச்சான், "உன் தால்டோவை நம்புறதுக்கு நான் மழைய நம்பி வெள்ளையடிப்பேன்" என்றார். இருவரும் எதுவும் வாங்காமல் போனார்கள். முதலாளியம்மா என்னை முறைத்தார்.

நான் கல்லாவுக்குப் பின்சுவரில் பென்சிலால் கோடு போட்டு வைத்திருக்கிறேன், திரும்பி வரும் ஒவ்வொரு டிஸ்க்குக்கும் ஒரு கோடு. இந்த வருடம் நோரிமா பதினொன்று, தால்டோ ஒன்பது, கெல்வெக் நான்கு. உடனே கெல்வெக்தான் சிறந்தது என்று தாவிவிடாதே. கெல்வெக் விற்றதே குறைவு. பெட்டியைத் திறந்து பார்த்தால் பாதி டிஸ்க்குகளில் கம்பெனியின் குற்றம் ஒன்றும் இருப்பதில்லை. நம் ஊர்க் கரண்டின் குற்றம்தான். போகும்போது ஒன்றும் செய்யாது. திரும்பி வரும்போது எகிறிக்கொண்டு வருமே, அதுதான் கொல்கிறது.

ஆகவே இரண்டு விஷயம். கரண்ட் வந்தவுடன் பிளக்கைச் செருகாதே, கால் மணி நேரம் பொறு. இரண்டாவது, இந்தக் கடிதத்தை மடித்து வைப்பதற்கு முன்னால் எழுந்துபோய்க் கதைகளை ஒரு பென் டிரைவில் பிரதி எடு. புது டிஸ்க்கை அடுத்த முறை நெல்டாவிடம் கொடுத்தனுப்புகிறேன். கெல்வெக்தான்.

ஐதானாவின் கால் அளவை ஒரு காகிதத்தில் வரைந்து அனுப்பு. பள்ளிக்கூடத்துக்கு ஷூ வேண்டுமே.

வேளாவேளைக்குச் சாப்பிடு.

ரிகோ


ஓல்கீன்
ஜூன் 14

அன்புள்ள அண்ணாவுக்கு,

உன் கழுத்துக்குத் தலையணையை எடுத்துவிட்டுப் படுத்துப் பார். ஐதானாவுக்கு மூன்று நாள் காய்ச்சல் இருந்தது, இப்போது இல்லை. எனக்கு ஒன்றும் இல்லை, தூக்கம்தான் போதவில்லை. டிஸ்க் ஐம்பத்தேழு.

பிரதி இன்னும் எடுக்கவில்லை. ஒரு நாள் கரண்ட் இல்லை. ஒரு நாள் காய்ச்சல். ஒரு நாள் உட்கார்ந்தபோது பென் டிரைவைக் காணவில்லை. எடுத்துவிடுவேன்.

நீ கெல்வெக் என்று எழுதியது தெருவுக்கே தெரிந்துவிட்டது. நெர்சாவிடம்தான் சொன்னேன். எதிர்வீட்டில் தையல் மெஷினோடு உட்கார்ந்திருப்பாளே, அவளிடம். அவள், "எந்தக் கம்பெனியா இருந்தா என்னடி, நம்ம கரண்டுக்கு எல்லாப் பிள்ளையும் ஒண்ணுதான், பாரபட்சமே பாக்காது" என்றாள். முடிவெட்டுகிறவர் தால்டோ கட்சி. எவெலியோ, தன் டிஸ்க்கை எட்டு வருடமாகத் துண்டில் சுற்றி சைக்கிளில் கொண்டுபோவதாகவும், கம்பெனியின் பெயர் எப்போதோ தேய்ந்துவிட்டதால்தான் அது இன்னும் உழைக்கிறது என்றும் சொல்கிறார்.

அவர்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே கரண்ட் போய்விடும். அதனால் யாரும் இப்போது உட்கார்ந்து தேர்ந்தெடுப்பதில்லை. "அந்த ஃபோல்டரை அப்படியே இழுத்துப் போடு மைலேன், என்னா இருக்குன்னு வீட்ல போய்ப் பாத்துக்கறேன்" என்று சொல்லிவிட்டு நிற்கிறார்கள். ஐந்து வருடம் நூலக இயல் படித்தவளுக்கு இதைப் பார்த்தால் ஒவ்வொன்றையும் தலைப்புவாரியாக அடுக்கிக் கொடுக்கத் தோன்றுகிறது. ஆனால் நானும் அப்படித்தான் ஆகிவிட்டேன். ஓஸ்மெல் கதைகளைத் தனியாக, எங்கோ ஆழத்தில் வைத்திருந்தார். ராத்திரி அவற்றைத் தேடி எடுக்க ஒவ்வொரு முறையும் ஐதானா என்னை எழுப்புவாள். பிப்ரவரியில் எல்லாவற்றையும் தூக்கி, கார்ட்டூன்கள் இருக்கும் 'சின்னவர்கள்' ஃபோல்டரில் போட்டுவிட்டேன். அதன்மேல் வாத்து படம் இருக்கும். படிக்கத் தெரியாவிட்டாலும் வாத்து தெரியும். அவளே திறந்து அவளே பார்க்கிறாள். எனக்கு அரைமணி நேரம் கண்ணை மூட முடிகிறது.

ஒன்று கேட்கிறேன். ஓஸ்மெலின் கடைசிக் குரல் செய்தி மார்ச் முப்பதாம் தேதி வந்தது. குரிச்சிபாவில் குளிர், வேலை கிடைத்திருக்கிறது, ஐதானாவுக்கு முத்தம். பதினாறு நொடி. அதன் பிறகு நான் அனுப்பினால் பார்த்ததற்கான அடையாளம் வருகிறது, பதில் வருவதில்லை. அவர் உன் வீட்டிலிருந்துதானே பிரேசிலுக்குப் போனார். உன் கடிதத்தில் அவர் பெயர் இல்லை. காகிதத்தின் பின்பக்கத்தையும் திருப்பிப் பார்த்தேன்.

ஐதானாவின் கால் இதனுடன் இருக்கிறது. வரையும்போது கூச்சத்தில் நெளிந்தாள், அதனால் கட்டைவிரல் பெரிதாகத் தெரிகிறது.

உன் பதிலுக்குக் காத்திருக்கும்,
மைலேன்


ஜார்ஜ்டவுன்
ஜூலை 20

அன்புத் தங்கைக்கு,

காய்ச்சல் திரும்ப வரவில்லையே? தண்ணீரைக் கொதிக்கவைத்துக் கொடு. நான் நலம்.

தாமதத்துக்கு மன்னித்துவிடு. கடையில் வேலை அதிகம். நெல்டா போன முறை வந்தபோது கெல்வெக் இருப்பு இல்லை. புதுச் சரக்கு வந்ததும் அனுப்புகிறேன். கெல்வெக்கிலும் இரண்டு விதம் இருக்கிறது. ஒன்று வேகமாகச் சுற்றும், சூடாகும். மற்றது மெதுவானது, நீண்ட நாள் உழைக்கும் என்கிறார்கள். உன் வீட்டுக்கு மெதுவானதே நல்லது. மூடியில் உள்ள தேதி ஆறு மாதத்துக்குள் இருக்க வேண்டும். முத்திரை உடையாமல் இருக்க வேண்டும். சிலர் பழைய டிஸ்க்கைத் துடைத்துப் புதுப் பெட்டியில் போட்டு விற்கிறார்கள். ஓடிய மணிநேரத்தைக்கூட அழித்துவிடுகிறார்கள். ஆகவே அவசரப்பட்டு அங்கே யாரிடமும் வாங்கிவிடாதே.

ஓஸ்மெல் நன்றாகத்தான் இருப்பான்.

ஷூவை நெல்டாவிடம் கொடுத்திருக்கிறேன். ஒரு அளவு பெரிதாகவே வாங்கினேன்.

ரிகோ


ஓல்கீன்
ஆகஸ்ட் 9

அன்புள்ள அண்ணாவுக்கு,

ஷூ வந்தது. ஐதானா அதைப் போட்டுக்கொண்டே தூங்குகிறாள். நீ நலம் என்று மட்டும் எழுதியிருந்தாய், கழுத்தைப் பற்றி எழுதவில்லை. டிஸ்க் முப்பத்தெட்டு.

நெல்டாவிடம் கெல்வெக் சரக்கு எப்போது வருமாம் என்று கேட்டேன். அவள் சிரித்தாள். "உங்கண்ணன் கடையிலயா? கெல்வெக்கு செங்கல் மாதிரி அடுக்கிக் கெடக்கு. போன தடவையே நாலு வாங்கிட்டு வந்தேன்" என்றாள். பிறகு என் முகத்தைப் பார்த்து, "எனக்குச் சரியாத் தெரியலம்மா, வேற கம்பெனியாக்கூட இருக்கலாம்" என்று மாற்றிச் சொன்னாள். நெல்டாவுக்குப் பொய் சொல்ல வராது. உனக்கும் வராது. அதனால்தான் ஒரு பக்கம் முழுக்க முத்திரையைப் பற்றி எழுதியிருக்கிறாய்.

மூன்றாவது சுற்று நடந்துகொண்டிருக்கிறது. நேற்று இருபத்தொன்றாவது கதை பாதியில் நின்றுவிட்டது. ஓஸ்மெல் வாயைத் திறந்தபடி உறைந்து நிற்கிறார், கையை நண்டுபோல வைத்துக்கொண்டு. நான் கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டேன், திறந்தேன், அதே இடம். "இந்த ரோட்ல கரண்ட் போயிடுச்சும்மா. நண்டுக்கு இருட்டுல வழி தெரியல" என்றாள் ஐதானா. அழவில்லை. அழுதிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

அவள் எதையும் கேட்காமல் இருப்பதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது. நாலரை வயதில் ஒரு குழந்தைக்கு எப்படி இவ்வளவு பொறுமை வந்தது? தொண்ணூறு வரை பார்க்கிறாள், நாளைக்குப் பிளேன் என்று அவர் சொல்வதைக் கேட்கிறாள், விடிந்ததும் பயணத்துக்குக் கட்டிவைத்த தன் பையைப் பார்க்கிறாள், பிறகு ஒன்றிலிருந்து தொடங்குகிறாள். அந்தப் பையை நான் அவிழ்க்கவில்லை. அதில் இரண்டு உடுப்புகள் இருக்கின்றன. அவளுக்கு இப்போது அளவு சரிவராது, சின்னதாகிவிட்டன.

உனக்குத் தெரிந்ததை எழுது. டிஸ்க்கைப் பற்றி இல்லை.

மைலேன்


ஓல்கீன்
ஆகஸ்ட் 27

அண்ணா,

நாங்கள் நலம். உன் கடிதம் வரவில்லை, இருந்தாலும் நெல்டா கிளம்புவதால் எழுதுகிறேன்.

நேற்று மாலை பதினான்கு மணி நேரத்துக்குப் பிறகு கரண்ட் வந்தது. கம்ப்யூட்டரைப் போட்டேன். இரண்டு தட்டு கேட்டது. மூன்றாவது கேட்கவில்லை. எவெலியோ வந்து கழற்றிப் பார்த்தார், குளிர்ந்த இடத்தில் வைத்துப் பார்த்தார், தன்னுடையதில் மாட்டிப் பார்த்தார். "போயிடுச்சு பொண்ணே" என்று தொப்பியைக் கழற்றினார். உள்ளே இருந்தது எதுவும் கிடைக்காது.

புது டிஸ்க் அவசரம் இல்லை. நேற்று ராத்திரி நன்றாகத் தூங்கினேன்.

மைலேன்


ஜார்ஜ்டவுன்
செப்டம்பர் 12

என் மைலேனுக்கு,

நீங்கள் இருவரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நான் நலமாக இல்லை, ஆனால் அது உடம்பில் இல்லை.

இந்தப் பெட்டியில் இரண்டு பொருள்கள் இருக்கின்றன. ஒன்று கெல்வெக், முத்திரை உடையாதது. அடியில் ஒரு உறை. அந்த உறை மே மாதம் பத்தொன்பதாம் தேதி முதல் என்னிடம் இருக்கிறது. அதாவது நான் உனக்கு எழுதிய முதல் கடிதத்தின்போதே இருந்தது. அதன் பக்கத்தில் உட்கார்ந்துதான் தால்டோ, மச்சான் என்றெல்லாம் எழுதினேன்.

ஓஸ்மெல் அனுப்பியது. விவாகரத்துக்கான சம்மதப் பத்திரம். அவன் பக்கம் கையெழுத்துப் போட்டிருக்கிறான், நீ அங்கே நோட்டரியிடம் போட வேண்டும். குரிச்சிபாவில் பேக்கரியில் வேலை செய்கிற ஒரு பெண்ணைக் கல்யாணம் செய்தால் அவனுக்குக் குடியுரிமைக் காகிதம் கிடைக்கும். "காகிதத்துக்காகத்தான் ரிகோ, அது கெடைச்சதும் மைலேனையும் குழந்தையையும் கூப்பிட்டுக்குவேன்" என்றான். நான் நம்பினேன். ஜூலையில் போன் செய்தேன். பேசிக்கொண்டிருக்கும்போது பின்னால் ஒரு பெண் அவனைச் சாப்பிடக் கூப்பிட்டாள். சத்தம் போட்டுக்கூட இல்லை, சாதாரணமாக. அவள் கூப்பிட்ட விதத்திலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. அவனும் எனக்குத் தெரிந்துவிட்டதைப் புரிந்துகொண்டான். கடைசியில், "கதைங்க இருக்கிற டிஸ்க்கு பழசு. மொதல்ல அவளுக்கு ஒரு நல்ல டிஸ்க்கு அனுப்பு. கதைங்க பத்திரமானப்புறம் இதைக் குடு" என்றான்.

டிஸ்க்கை அனுப்பினால் அடுத்தது உறையை அனுப்ப வேண்டும். அதனால் டிஸ்க்கை அனுப்பவில்லை. அது போகாத வரைக்கும் இது போகாது என்று நினைத்தேன். இருபத்தாறு கெல்வெக் என் தலைக்குமேல் அடுக்கியிருந்தன, அவன் கதைகள் அங்கே செத்துக்கொண்டிருந்தன. உன் கடைசிக் கடிதத்தைப் படித்தபோது முதலாளியம்மாவே நாற்காலியை இழுத்துப் போட்டார்.

என்னைத் திட்டி எழுது. எழுதாமல் இருந்துவிடாதே.

உன் அண்ணன்,
ரிகோ


ஹிபாரா
செப்டம்பர் 24

மதிப்புக்குரிய மைலேன் அவர்களுக்கு,

நீங்களும் உங்கள் மகளும் சுகமாக இருக்க வேண்டும். உங்களுக்கு என்னைத் தெரியாது. என் பெயர் இசோரா. மீன் கூட்டுறவில் எழுத்தர். உங்கள் ஊர் எவெலியோவிடமிருந்து பொட்டலம் வாங்கும் ஒருவர் எங்கள் ஊருக்கும் கொண்டுவருகிறார். நண்டுக் கதைகளின் சொந்தக்காரர் டிஸ்க் போய்க் கதைகளை எல்லாம் இழந்துவிட்டார் என்று அவர் சொன்னார். சொந்தக்காரர் என்று ஒருவர் இருப்பார் என்று நாங்கள் நினைத்ததே இல்லை.

இதனுடன் வரும் பென் டிரைவில் தொண்ணூறும் இருக்கின்றன. என் மகனுக்கு மூச்சிரைப்பு உண்டு. அது வருகிற ராத்திரிகளில் படுக்க முடியாது, உட்காரவைத்துத்தான் தூங்கப் பண்ண வேண்டும். மார்ச்சில் ஒரு பெண்மணியிடம் கார்ட்டூன் பிரதி வாங்கியபோது இந்தக் கதைகளும் சேர்ந்து வந்திருந்தன. அந்த மனிதர் பேசுகிற நிதானத்தில் அவன் மூச்சும் நிதானத்துக்கு வருகிறது. டாக்டரிடம்கூடச் சொன்னேன்.

ஒரு தொந்தரவு. கடைசிக் கதை முடிந்ததிலிருந்து அவன் என்னைக் கேட்டுக்கொண்டே இருக்கிறான், "அந்த ஐதானா பிளேன் ஏறிட்டாளாம்மா?" நான் ஏறிவிட்டாள் என்று சொல்லிப் பார்த்தேன். "உனக்கு எப்பிடித் தெரியும்?" என்கிறான். உங்களுக்குச் சிரமம் இல்லையென்றால் ஒரு வரி எழுதுங்கள்.

பென் டிரைவை மெதுவாகத் திருப்பி அனுப்பினால் போதும்.

மரியாதையுடன்,
இசோரா


ஓல்கீன்
அக்டோபர் 7

அன்புள்ள ரிகோ அண்ணாவுக்கு,

நாங்கள் இருவரும் நலம். முதலாளியம்மாவுக்கு என் வணக்கம், நாற்காலிக்கு நன்றி. டிஸ்க் நூறு சதவீதம்.

உன்னைத் திட்டவேண்டும் என்று உட்கார்ந்தேன். முடியவில்லை. காரணத்தைச் சொல்கிறேன். பென் டிரைவ் காணாமல் போகவே இல்லை. ரேஷன் புத்தகத்துக்கு அடியில் இருந்தது, வைத்தது நான்தான். மூன்று மாதம் தினமும் அந்த இழுப்பறையைத் திறந்தேன், ரேஷன் புத்தகத்தை எடுத்தேன், மூடினேன். கரண்ட் வந்தவுடன் பிளக்கைச் செருகாதே, கால் மணி நேரம் பொறு என்று நீ எழுதியிருந்தாய். ஆகஸ்ட் இருபத்தாறு மாலை நான் ஒரு நிமிஷம்கூடப் பொறுக்கவில்லை. கரண்ட் வந்த அந்த நொடியில் கை தானாகப் போயிற்று என்று சொல்லலாம். தானாகப் போகவில்லை. டிஸ்க் தானாகச் செத்ததாக இருக்கட்டும், என் குழந்தை பையைப் பார்ப்பதை நிறுத்தட்டும் என்று நினைத்தேன். மார்ச் முப்பதாம் தேதி வந்த அந்தப் பதினாறு நொடியிலேயே எனக்குத் தெரியும் அண்ணா. ஐதானாவுக்கு முத்தம் என்றார், எனக்கு என்று சொல்லவில்லை. நீ உறையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாய், நான் பென் டிரைவை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். இதில் யார் யாரைத் திட்டுவது.

ஆனால் பார், எனக்கு அதுகூடச் சரியாகச் செய்ய வரவில்லை. டிஸ்க் போய் ஒரு வாரத்தில் நெர்சா வந்தாள், ஒரு பென் டிரைவை என் மடியில் போட்டாள். "அழாதடி. உன் புருசனோட நண்டு என் வீட்லயே இருக்கு. என் பையன் ரெண்டு தரம் பாத்துட்டான்" என்றாள். நான் அழவே இல்லை. எப்படி உன்னிடம் வந்தது என்று கேட்டேன். என்னை முட்டாளைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள். "நீதானே சின்னவர்கள் ஃபோல்டரை அப்படியே இழுத்துப் போட்டே."

பிப்ரவரியிலிருந்து ஆகஸ்ட் வரை வாத்து படம் போட்ட அந்த ஃபோல்டரை எத்தனை பேருக்கு இழுத்துப் போட்டிருப்பேன்? எனக்கே தெரியாது. நூலக இயல் படித்தவள், புத்தகத்தைத் தவறான அலமாரியில் வைத்துவிட்டேன், ஊரே எடுத்துக்கொண்டு போய்விட்டது. முடிவெட்டுகிறவர் வந்தார். மருந்துக்கடைப் பெண் வந்தாள். அவளுடையதில் யாரோ 'நண்டு மாமா, முழுத் தொகுப்பு' என்று பெயர் மாற்றியிருந்தார்கள். பத்து நாளில் ஏழு பேர். ஒவ்வொருவரும் எனக்கு ஏதோ பெரிய உதவி செய்கிற முகத்தோடு வந்தார்கள், நான் காபி போட்டுக் கொடுத்து, பென் டிரைவை அப்படியே திருப்பி அனுப்பினேன். எவெலியோவிடம் இன்னும் எங்கெல்லாம் இருக்கும் என்று கேட்டேன். அவர் சைக்கிள் மணியைத் துடைத்துக்கொண்டே, "பானெஸ் போயிருக்கு, ஹிபாரா போயிருக்கு. அதுக்கப்புறம் என் கைல இல்ல பொண்ணே. நீ இனிமே நெனச்சாலும் தொலைக்க முடியாது" என்றார்.

அந்த ஒரு வார்த்தைக்காக அவரை உட்காரவைத்து இரண்டாவது காபியும் கொடுத்தேன்.

வியாழக்கிழமை நோட்டரியிடம் போனேன். வரிசையில் மூன்று மணி நேரம் நின்றேன். கையெழுத்துப் போட அரை நிமிஷம். பத்திரம் இதனுடன் இருக்கிறது, அவரிடம் சேர்த்துவிடு. கதைகள் பத்திரம் என்று சொல். அவர் கேட்டது அதுதானே. எந்தக் கம்பெனி டிஸ்க் என்று கேட்டால் நெர்சாவின் பெயரைச் சொல்.

புது டிஸ்க்கில் பொட்டலம் மட்டும் வைத்திருக்கிறேன். நல்ல டிஸ்க், சத்தமே இல்லை. சில சமயம் ஓடுகிறதா என்று பழக்கத்தில் காதை வைத்துப் பார்க்கிறேன். சுவரில் கெல்வெக்குக்கு என் கணக்கில் ஒரு கோடும் போட வேண்டாம். நோரிமாவுக்குப் போட்டிருந்தால் அதையும் அழித்துவிடு. அது கம்பெனியின் குற்றம் இல்லை.

கழுத்துக்குச் சூடான துணி வைத்துக்கொள். அடுத்த கடிதத்தில் உன்னைப் பற்றி எழுது.

உன் தங்கை,
மைலேன்


ஓல்கீன்
அக்டோபர் 9

அன்புள்ள இசோராவுக்கு,

உங்கள் மகனின் மூச்சு எப்படி இருக்கிறது? மழைக்காலம் முடிகிறவரை ஜன்னலோரம் படுக்கவைக்காதீர்கள். நாங்கள் நலம்.

உங்கள் மகனிடம் இப்படிச் சொல்லுங்கள். ஐதானா பிளேன் ஏறவில்லை. செப்டம்பரில் பள்ளிக்கூடம் போனாள். ஷூ ஒரு அளவு பெரிது, அதனால் நடக்கும்போது சத்தம் வரும். எப்படித் தெரியும் என்று கேட்டால், அவள் அம்மா எழுதியிருக்கிறாள் என்று சொல்லுங்கள்.

போன சனிக்கிழமை எதிர்வீட்டில் அவள் கடைசிக் கதையைப் பார்த்தாள். முடிந்ததும் என்னைத் திரும்பிப் பார்த்து, "நாளைக்கா?" என்றாள். ஆறு மாதத்தில் அவள் என்னிடம் வாய்விட்டுக் கேட்டது அதுதான் முதல் தடவை.

"இல்லடி கண்ணு. அதைச் சொன்னப்போ அப்பா அப்படித்தான் நெனச்சாரு. அப்புறம் வேற மாதிரி ஆயிடுச்சு. நாம இங்கதான் இருக்கப்போறோம்."

கொஞ்ச நேரம் ஷூவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்ப நண்டு எங்க தூங்கும்?"

"கடல்ல."

"கரண்ட் இல்லாமலா?"

"கரண்ட் இல்லாமதான்."

சரி என்று தலையாட்டினாள். வீட்டுக்கு வந்து பையைத் தானே அவிழ்த்து, அந்தச் சின்ன உடுப்புகளை பொம்மைக்குப் போட்டுப் பார்த்தாள். பொம்மைக்குப் பெரிதாக இருந்தன.

உங்கள் பென் டிரைவைத் திருப்பி அனுப்புகிறேன். அதிலிருந்து நான் எதையும் எடுக்கவில்லை. எங்கள் வீட்டில் இப்போது ஒரு பிரதிகூட இல்லை. என்றைக்காவது அவள் கேட்டால் பஸ் பிடித்து ஹிபாராவுக்கு வந்து உங்கள் கதவைத் தட்டுவோம். அதுவரை உங்களிடமே இருக்கட்டும்.

அன்புடன்,
ஐதானாவின் அம்மா